கதைல காலக்கல் வைக்கப் போறீங்களா? நாலு வகை இருக்கு, எதை எடுக்கலாம்னு பார்ப்போம்

ஃபேண்டஸி எழுத ஆரம்பிக்கிறவங்க என்கிட்ட திரும்பத் திரும்பக் கேக்குற கேள்வி ஒண்ணு இருக்கு. உலகம் ரெடி, மலை ரெடி, ராஜ்ஜியம் ரெடி, காலத்தை வளைக்கிற ஒரு மர்மக் கல்லும் குகைக்குள்ள ரெடியா இருக்கு, ஆனா அந்தக் கல்லு சரியா என்ன பண்ணும்? ஒருத்தர் மூணு மாசமா இதே இடத்துல நிக்கிறார். இன்னொருத்தங்க எதையும் விட மனசில்லாம எல்லா சக்தியையும் ஒரே கல்லுல போட்டுட்டாங்க, இப்ப பத்தாவது அத்தியாயத்துல கதை அசைய மாட்டேங்குது.

இதுல நான் பட்ட அடி ஒண்ணு இருக்கு, அதைச் சொல்லிட்டு ஆரம்பிக்கிறேன். என் முதல் தொடர்கதைல ஹீரோகிட்ட நேரத்தைப் பின்னாடி இழுக்குற கல்லைக் குடுத்திருந்தேன். 14வது அத்தியாயத்துல அவன் தங்கச்சி செத்துப் போறா. எழுதும்போதே எனக்குக் கண்ணு கலங்கிடுச்சு. மறுநாள் அதைப் படிச்ச ஒரு பொண்ணு ஒரே வரிதான் கேட்டா, "அண்ணா, அந்தக் கல்லு அவன் இடுப்புலதானே இருக்கு, ஏன் எடுக்கல?" என்கிட்ட பதில் இல்ல. கதை அதோட நின்னுபோச்சு.

அப்புறம் யோசிச்சுப் பார்த்தப்ப புரிஞ்சது, சக்தியைப் பார்த்துக் கல்லை எடுத்ததுதான் தப்பு. கல்லைத் தொட்டா அந்த ஆளு எதை இழப்பான், அதைப் பார்த்துத்தான் எடுத்திருக்கணும்.

எதை வச்சு எடை போடறது

நான் அஞ்சு விஷயம் பாக்குறேன். முதலாவது விலை, அதாவது உபயோகிச்சா கைவிட்டுப் போறது என்ன. ரெண்டாவது அந்தப் பொண்ணு கேட்ட கேள்வி, "இப்ப ஏன் எடுக்கல?", இது கதை முழுக்க எத்தனை தடவ எழும். மூணாவது வாசகர் தலைல எவ்வளவு கணக்கு ஏத்துறோம். நாலாவது, இந்தக் கல்லு ஒண்ணுக்குப் பதிலா நூறு இருந்தா அந்த ஊர்ச் சந்தை, அரசன், விவசாயி, கடன்காரன் எல்லாம் என்ன ஆவாங்க. அஞ்சாவது கதையோட நீளம், ஏன்னா சிறுகதைக்குச் சரியா வர்றது 80 அத்தியாயத் தொடருக்கு வராது.

இதுல மூணாவதும் அஞ்சாவதும் ஓரளவு சமாளிச்சுக்கலாம். முதல் ரெண்டும் தப்பாப் போச்சுன்னா கதையே போச்சு.

1. பின்னாடி இழுக்குற கல்லு

எல்லாரும் முதல்ல எடுக்குறது இதுதான், ஏன்னா நம்ம எல்லாருக்கும் திருப்பி எடுக்கணும்னு தோணுற ஒரு நிமிஷம் வாழ்க்கைல இருக்கு. ஆசை ரொம்ப நேர்மையானது. ஆனா நாலுலயும் அதிக விலை வைக்கிற கல்லு இதுதான்.

முதல் சிக்கல், மாத்தினா என்ன ஆகும்னு நீங்க முடிவு பண்ணியே ஆகணும். இதுக்கு இயற்பியல்காரங்க யோசிச்சு வச்ச ரெண்டு வழி இருக்கு, ரெண்டும் கதைக்கு நல்லாவே உதவும். ஒண்ணு, ரஷ்ய விஞ்ஞானி இகோர் நோவிகோவ் 1980கள்ல சொன்னது. கடந்த காலத்துக்குப் போனாலும் நடந்தது நடந்ததுதான், நீ போனதும் சேர்த்துத்தான் அது நடந்திருக்கு. இதை எடுத்தா உங்க கதை சோகக் கதையா மாறும், தங்கச்சியைக் காப்பாத்த ஓடினவனே அவ சாவுக்குக் காரணமாகிடுவான். இன்னொண்ணு, ஹியூ எவரெட் 1957ல குவாண்டம் இயற்பியலுக்குச் சொன்ன பல உலக விளக்கம், அதைக் கதைக்காரங்க எடுத்து வளைச்சுக்கிட்டாங்க. நீ மாத்தினா புதுசா ஒரு கிளை உண்டாகும், பழையது அப்படியே இருக்கும். கேக்க வசதியா இருக்கு, ஆனா அந்தப் பழைய கிளைல தங்கச்சி பிணமாத்தான் கிடக்கா, அவ தலைமாட்டுல உக்காந்து அழ வேண்டிய அண்ணனையும் காணோம், அம்மா தனியா இருக்காங்க. உங்க ஹீரோ அவங்களை விட்டுட்டு ஓடிவந்தவன். இதை எழுதத் துணிச்சல் இருந்தா மட்டும் கிளை ரூலை எடுங்க, கண்டுக்காம விட்டா வாசகர் எப்படியும் கண்டுபிடிச்சுடுவாங்க.

ரெண்டாவது, யாருக்கு ஞாபகம் இருக்கும்ங்கிறது. நிறைய பேர் இதை ஒரு டெக்னிக்கல் விஷயமா நினைச்சுத் தாண்டிப் போயிடுறாங்க, உண்மையில இந்தக் கல்லோட முழு வலியும் இங்கதான் இருக்கு. ஒரு சாயந்திரம் ஆத்தங்கரைல அவ அவன்கிட்ட சம்மதம் சொல்றா, மழைத் துளி விழ ஆரம்பிக்குது, முந்தானையைத் தலைல போட்டுக்கிட்டே சிரிக்கிறா. ராத்திரி ஊருக்குத் தீ வைக்கிறாங்க. அவன் கல்லைப் பிடிச்சு மதியத்துக்குப் போயிடுறான், ஊர் பொழைச்சுக்குது. ஆனா அந்தச் சாயந்திரம் இப்ப அவன் ஒருத்தன் தலைக்குள்ள மட்டும்தான் இருக்கு, அவளுக்கு அது நடக்கவே இல்ல. மறுபடி அதே கரைல அதே வார்த்தையைக் கேட்டாலும் அதே சிரிப்பு வராது. இந்த இழப்பை எழுதத்தான் உங்களுக்கு ஆசைன்னா தாராளமா இந்தக் கல்லை எடுங்க.

மறைஞ்சிருக்கிற செலவுன்னு பார்த்தா, போர் எழுதவே முடியாது. ரெண்டு பக்கமும் கல்லு இருந்தா தோத்தவன் திருப்பிக்கிட்டே இருப்பான், ஒரு பக்கம் மட்டும் இருந்தா சண்டையே இல்ல. வியாபாரமும் அப்படித்தான், முத்து விலை ஏறுறதைப் பார்த்துட்டு காலைக்குத் திரும்பிப் போய் வாங்குறவன் ஒரு மாசத்துல அரசனை விலைக்கு வாங்கிடுவான். அதனால எல்லை வைங்க. ஒரு நாழிகைக்கு மேல போகாது, அதாவது 24 நிமிஷம். இல்லைன்னா ஒரு ஆளுக்கு வாழ்நாள்ல மூணு தடவைதான், ஒவ்வொரு தடவையும் கல்லுல ஒரு கீறல் விழும். எண்ணிக்கை ரூல் வச்சா "ஏன் எடுக்கல" கேள்விக்குப் பதில் தானா கிடைச்சிடும், தீர்ந்து போச்சுன்னு. அந்த மூணையும் சில்லறை விஷயத்துக்குச் செலவு பண்ண விடுங்க, அப்பத்தான் கடைசில வலிக்கும்.

குற்றவுணர்ச்சிக் கதை, துப்பறியும் கதை, சின்ன நாவல், இதுக்கெல்லாம் சரி. நீளத் தொடருக்கு வேண்டாம்.

2. மெதுவாக்குற கல்லு

முதல் தடவ எழுதுறவங்களுக்கு என் சிபாரிசு இதுதான், ரெண்டு யோசனையே இல்ல. கல்லு இருக்கிற அறைக்குள்ள நேரம் மெதுவா போகும், வெளிய சாதாரணமா ஓடும், அவ்வளவுதான் ரூல். இதோட விலையை நீங்க கண்டுபிடிக்க வேண்டாம், அது தானாவே உள்ள இருக்கு: உள்ள போனவன் வெளிய வரும்போது அவனுக்குத் தெரிஞ்சவங்க கிழவங்களா இருப்பாங்க, இல்ல இருக்கவே மாட்டாங்க. "ஏன் எடுக்கல"ன்னு ஒருத்தரும் கேக்க மாட்டாங்க, ஏன் எடுக்கலைன்னு எல்லாருக்கும் புரியும்.

இது இயற்கையிலேயே இருக்கிற விஷயம்ங்கிறது இன்னொரு பலம். ஜிபிஎஸ் சாட்டிலைட்ல இருக்கிற கடிகாரம் நம்ம தரைக் கடிகாரத்தைவிட ஒரு நாளைக்கு சுமார் 38 மைக்ரோ செகண்டு முன்னாடி ஓடுது, அதைச் சரி பண்ணலைன்னா மேப்பு காட்டுற இடமே தப்பாயிடும். 2010ல அமெரிக்காவுல ரொம்பத் துல்லியமான ரெண்டு கடிகாரத்துல ஒண்ணை 33 சென்டிமீட்டர் தூக்கி வச்சு, மேல இருக்கிறது வேகமா ஓடுறதை அளந்தே காட்டினாங்க. உங்க கல்லு பண்றது அதையேதான், கொஞ்சம் பெருசா.

நம்ம ஆளுங்களுக்கு இதை விளக்கவே தேவையில்ல, புராணத்துலயே ஊறின விஷயம். பாகவதத்துல ககுத்மி ராஜா தன் பொண்ணு ரேவதிக்கு மாப்பிள்ளை கேக்க பிரம்மலோகம் போறார், அங்க பாட்டுக் கச்சேரி நடந்துட்டு இருக்கு, முடியட்டும்னு கொஞ்ச நேரம் நிக்கிறார். அதுக்குள்ள பூமில 27 சதுர்யுகம் போயிடுது. ஒரு சதுர்யுகம் 43,20,000 வருஷம்னா மொத்தம் 11 கோடியே 66 லட்சத்து 40 ஆயிரம் வருஷம். அவர் மனசுல நினைச்சு வச்சிருந்த மாப்பிள்ளைங்க, அவங்க பேரன்கள், குலம், பேரு எல்லாம் போச்சு. கடைசில ரேவதியை பலராமருக்குக் கட்டிக் குடுக்குறாங்க, அவ பழைய யுகத்து ஆளுங்கிறதால ரொம்ப உசரமா இருக்கா, பலராமர் கலப்பை நுனியால அவளை உசரம் குறைச்சார்னு விஷ்ணு புராணம் சொல்லுது. அதே மாதிரி முசுகுந்தன் யுகக்கணக்கா குகைல தூங்கி எழுந்து வெளிய வந்து பாக்குறான், மனுஷங்க, மிருகங்க, மரம் செடி எல்லாம் சின்னதாயிருக்கு, ஓ கலியுகம் வந்துடுச்சுன்னு புரிஞ்சுக்கிறான். கவனிச்சீங்களா, ரெண்டு இடத்துலயும் எத்தனை வருஷம் போச்சுங்கிறதைக் கண்ணால பாக்குற ஒரே ஒரு விஷயத்துல காட்டிட்டாங்க, உசரம். நீங்களும் அப்படி ஒண்ணை எடுத்துக்கங்க. அவன் உள்ள போகும்போது கோயில் குளத்துப் படி 18, வெளிய வரும்போது தண்ணி மேல தெரியுறது 5. தேதிக் கணக்கு எழுதுறதைவிட இது நேரா நெஞ்சுல இறங்கும்.

சரி, செலவுக்கு வருவோம். இதுல ஒளிஞ்சிருக்கிறது கணக்கு. உள்ள ஒரு மணி நேரம் வெளிய ஒரு வருஷம்னு வச்சீங்கன்னா விகிதம் 8,760. அப்ப வெளிய ஒரு மணி நேரம் ஆகுறப்ப உள்ள அரை செகண்டு கூட ஆகாது. உள்ள இருக்கிறவன் ஒரு தடவ கண் சிமிட்டி முடிக்க வெளிய கிட்டத்தட்ட முக்கால் மணி நேரம் ஆகும். அதைவிட முக்கியமா, அந்த அறைக்கு ஜன்னல் இருந்தா ஒரு வருஷ வெயில் மொத்தமும் ஒரு மணி நேரத்துல உள்ள விழும், ஆளு கருகிடுவான். அதனால கல்லை ஆழமான குகைக்குள்ள, ரெண்டு மூணு திருப்பம் தாண்டி வைங்க. கறாரா பார்த்தா உள்ள இருந்து வர்ற வெளிச்சமே கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு மாறிப்போயிடும், அதை வேணும்னா கல்லோட மாயம்னு விட்டுடலாம். வெயிலை மட்டும் விட்டுடாதீங்க, அதை யோசிச்சிருக்கீங்கன்னு தெரிஞ்சா வாசகருக்கு உங்க உலகத்து மேல நம்பிக்கை வந்துடும்.

சந்தை பக்கம் பார்த்தா கொட்டிக் கிடக்கு கதை. தயிர் புளிக்காது, வைத்தியர் வர்ற வரைக்கும் பாம்பு கடிச்சவனை உள்ள படுக்க வைக்கலாம். கடன்காரன் உள்ள ஓடி ஒளிஞ்சா வட்டி வெளிய ஏறிக்கிட்டே இருக்கும். கிழட்டு அரசன் வருஷத்துக்கு ஒரு நாள் மட்டும் வெளிய வந்து தீர்ப்பு சொல்லிட்டு உள்ள போயிடுவான், முந்நூறு வருஷமா ஒரே அரசன், அவன் பேசுற பாஷையே ஜனங்களுக்குப் புரியல. இந்த ஒரு யோசனையை வச்சே ஒரு தொடர் எழுதலாம்.

3. சுத்திச் சுத்தி வர வைக்கிற கல்லு

டைம் லூப். ஒரே நாள் திரும்பத் திரும்ப வரும். எழுத ஈஸின்னு நினைச்சு எடுக்குறாங்க, ஆனா அஞ்சாவது சுத்துலயே எழுதுறவருக்குச் சலிச்சுப் போகும், படிக்கிறவங்களுக்கு மூணாவதுலயே. அதைவிடப் பெரிய செலவு, சுத்தி இருக்கிற ஜனங்க எல்லாம் பொம்மையாயிடுவாங்க, நாளைக்கு மறந்துடப் போற ஆளுகிட்ட ஹீரோ ஏன் மரியாதையா பேசணும்? அவனுக்கு வர்ற அந்தக் கொடூரத்தையே கதையாக்குனா நல்லா வரும். ஒரு ஊரு, ஒரு திருவிழா, ஒரு சிறுகதை, அந்த அளவுல வச்சுக்கங்க. வெளிய வர்ற வழி என்னன்னு முதல் வரி எழுதுறதுக்கு முன்னாடியே முடிவு பண்ணிடுங்க.

கொஞ்சம் வித்தியாசமா பண்ணணும்னா நிஜ அறிவியல்ல ஒரு அருமையான விஷயம் இருக்கு. பழைய சுவர்க் கடிகாரத்தைக் கழட்டினா பச்சை போர்டுல அரிசி மணியைவிடக் கொஞ்சம் பெருசா ஒரு வெள்ளிக் கலர் குழாய் தெரியும், அதுக்குள்ள ரெண்டு பல்லு வச்ச முள்கரண்டி மாதிரி குவார்ட்ஸ் துண்டு ஒண்ணு செகண்டுக்கு 32,768 தடவ அதிருது. மின்சாரம் தட்டிக்கிட்டே இருக்கு, தட்டுற தாளமும் அது ஆடுற தாளமும் ஒண்ணுதான். ஆனா டைம் கிரிஸ்டல்னு நிஜமாவே ஒண்ணு உண்டு, அமெரிக்க இயற்பியல்காரர் பிராங்க் வில்செக் 2012ல அந்த யோசனையைச் சொன்னார். அவர் சொன்ன அதே வடிவத்துல அது முடியாதுன்னு அப்புறம் நிரூபிச்சாங்க, ஆனா வெளிய இருந்து தட்டிக்கிட்டே இருக்கிற வகை ஒண்ணை 2017ல ரெண்டு குழு செஞ்சு காட்டுச்சு. மேரிலாண்டு குழு இட்டர்பியம்ங்கிற உலோகத்தோட அயனிகளை (மின்னூட்டம் உள்ள அணுக்களை) வச்சு பண்ணுச்சு, ஹார்வர்டு குழு வைரத்துக்குள்ள நைட்ரஜன் அணு புகுந்து உண்டான குறைகளை வச்சு பண்ணுச்சு. அதோட விசேஷம், ரெண்டு தடவ தட்டினாத்தான் அது ஒரு தடவ பழைய நிலைக்கு வரும். தட்டுற தாளம் ஒண்ணு, அது ஆடுற தாளம் வேற.

இதை அப்படியே கதைக்குக் கொண்டு வாங்க. தினமும் சூரியன் கல்லைத் தட்டுது, ஆனா கல்லு ரெண்டு நாளைக்கு ஒரு தடவதான் திரும்புது. அப்ப ஹீரோ மாட்டிக்கிட்டது ரெண்டு நாளுக்குள்ள, வெள்ளி, சனி, மறுபடி வெள்ளி, சனி. வெள்ளிக்கிழமை பண்ணின தப்பு சனிக்கிழமை அவனைப் பிடிக்கும். ஒரு நாளாவது பண்ணின காரியத்தோட பலனை முழுசா பார்த்துட்டுத்தான் ஆகணும், அதுக்கப்புறம்தான் அழியும். சுத்திலும் இருக்கிறவங்க பொம்மையாகுற சிக்கல் இதுல பாதி குறைஞ்சிடும், ஏன்னா ராத்திரி அவன்கிட்ட திட்டு வாங்கினவ காலைல கண்ணு வீங்கி நிப்பா.

4. காட்ட மட்டும் செய்யுற கல்லு

எதையும் மாத்தாது, காட்டும். எதிர்காலம் காட்டுற வகையைப் பத்தி ரெண்டு வரிதான் சொல்லுவேன்: அதைக் காட்டிட்டா உங்க ஆளுங்க முடிவெடுக்குறதுக்கு அர்த்தம் போயிடும், மாத்தலாம்னு வச்சா அது காட்டினது பொய்யாயிடும். ரொம்ப மங்கலா, ஒரே ஒரு படம் மட்டும் காட்டினா சமாளிக்கலாம்.

கடந்த காலம் காட்டுற வகை அருமை, யாரும் சரியா உபயோகிக்கிறதில்லைன்னு எனக்குக் குறை. கல்லுங்க நிஜமாவே காலத்தை உள்ள வச்சிருக்கு. ஆஸ்திரேலியால ஜாக் ஹில்ஸ்ங்கிற இடத்துல கிடைச்ச சிர்க்கான்ங்கிற கனிமத்தோட மணிகள்ல பழசு சுமார் 440 கோடி வருஷம். அது உருவாகும்போது யுரேனியத்தை உள்ள சேர்க்கும், ஈயத்தைச் சேர்க்காது, அதனால இன்னைக்கு உள்ள இருக்கிற ஈயம் கிட்டத்தட்ட அத்தனையும் யுரேனியம் சிதைஞ்சு வந்தது, அதையும் மிச்சமிருக்கிற யுரேனியத்தையும் ஒப்பிட்டா வயசு தெரியும். குவார்ட்ஸ் மணல் இன்னும் அழகு. கடைசியா வெளிச்சம் பட்டதுல இருந்து மண்ணுக்குள்ள இருக்கிற கதிர்வீச்சோட சக்தியை அது கொஞ்சம் கொஞ்சமா சேர்த்து வச்சுக்கும். லேப்ல வெளிச்சம் அடிச்சா, சேர்த்து வச்சதை மெல்லிசான ஒளியா விடும், அந்த ஒளியை அளந்து எத்தனை வருஷம் புதைஞ்சு கிடந்ததுன்னு சொல்றாங்க. முக்கியமான விஷயம், ஒரு தடவ படிச்சுட்டா அது காலி. அதனால அந்த மண்ணை இருட்டுலயே எடுத்து இருட்டுலயே கொண்டு போவாங்க.

இதைவிட நல்ல ரூல் வேணுமா? கல்லு இருட்டுல இருந்த வரைக்கும் சுத்தி நடந்ததைச் சேர்த்து வச்சிருக்கு, வெளிச்சத்துல காட்டினா ஒரே ஒரு தடவ காட்டும், அதோட அழிஞ்சிடும். அப்பா எப்படிச் செத்தார்னு தெரிஞ்சுக்கணும், ஆனா சபைல வச்சுக் காட்டினா சாட்சி, தனியா பார்த்துட்டா சாட்சி போச்சு. மகன் அந்தக் கல்லை ராத்திரி துணியில சுத்தி மடில கட்டிக்கிட்டு நடக்குறான், துணில ஒரு ஓட்டை இருக்கு. பதட்டம் எழுத வேற எதுவும் வேண்டாம்.

செலவு குறைவு, தலைபாரம் குறைவு. ஒரே பிரச்சினை, சாகசம் எதிர்பார்த்து வர்ற வாசகருக்கு இது சாதுவா தெரியும்.

ஒரு பார்வைல

| கல்லு | எதை இழக்குறோம் | "ஏன் எடுக்கல?" தொல்லை | தலைபாரம் | எதுக்கு ஏத்தது |
|---|---|---|---|---|
| பின்னாடி இழுக்குறது | மத்தவங்களோட பகிர்ந்த ஞாபகம் | ரொம்ப அதிகம் | அதிகம் | சின்ன நாவல், துப்பறியும் கதை |
| மெதுவாக்குறது | தெரிஞ்ச மனுஷங்க | கிட்டத்தட்ட இல்ல | கணக்கு மட்டும் | நீளத் தொடர், குடும்பக் கதை, அரச கதை |
| சுத்த வைக்கிறது | மத்தவங்க மேல இருக்கிற மரியாதை | இல்ல, ஏன்னா நினைச்சப்ப தப்பிக்க முடியாது | நடுத்தரம் | சிறுகதை, ஒரே ஊர் |
| காட்டுறது | சாட்சி | குறைவு | குறைவு | நீதிக் கதை, தேடல் கதை |

ரெண்டு கல்லு வைக்கலாமான்னா வைக்கலாம், ஆனா மெதுவாக்குறதும் காட்டுறதும் மட்டும் சேரும். பின்னாடி இழுக்குறது எதோட சேர்ந்தாலும் மத்ததை முழுங்கிடும்.

ஏற்கனவே தப்பான கல்லைக் குடுத்துட்டவங்களுக்கு

பாதிக் கதை வெளிவந்துடுச்சு, பின்னாடி இழுக்குற கல்லு ஹீரோகிட்ட இருக்கு, என்ன பண்றது? கல்லை வில்லன் உடைச்சுட்டான்னு எழுதாதீங்க, வாசகருக்கு அது ஏமாத்துனதாத்தான் படும். அதுக்குப் பதிலா இதுவரைக்கும் அவன் எத்தனை தடவ உபயோகிச்சிருக்கான்னு எண்ணுங்க, அந்த எண்ணிக்கையை அவன் யாருக்கோ குடுக்க வேண்டிய கடனா மாத்துங்க. திருப்பின ஒவ்வொரு நாழிகையும் அந்த ஊர்ல வேற யாரோட ஆயுசுல இருந்தோ எடுத்ததுன்னு அவனுக்கு இப்பத்தான் தெரிய வருது. பழைய அத்தியாயம் எதையும் திருத்த வேண்டாம், எல்லாத்துக்கும் புது அர்த்தம் வந்துடும்.

என் கதைக்கு அது போதல, ஏன்னா அந்தத் தங்கச்சி சாவு மனசுல உறுத்திக்கிட்டே இருந்தது. அதனால முதல்ல இருந்து மறுபடி எழுதிட்டு இருக்கேன், மெதுவாக்குற கல்லை வச்சு. இப்ப அவளுக்குத் தீராத காய்ச்சல், மருந்து கண்டுபிடிக்கிற வரைக்கும் அவளைக் குகைக்குள்ள அனுப்புறாங்க. அண்ணன் வாசல்ல நிக்கிறான். உள்ள காலை வச்ச உடனே அவனைப் பாக்கத் தலையைத் திருப்புறா, அவளுக்கு அது ரெண்டு செகண்டு. அவனுக்கு விடிகாலைல ஆரம்பிச்ச அந்தத் திருப்பல் முடிய உச்சி வெயில் ஆகுது, அவன் அங்கயே நிக்கிறான், அவ கண்ணு இன்னும் அவன் பக்கம் வந்து சேரல.